ஒரு விரல் அளவு உயிர்

பாங்லி
2 மார்ச் 1987

அன்புள்ள தம்பி நெங்கா,

ஓம் சுவஸ்தியஸ்து. நீயும் ரோட்டர்டாம் குளிரும் ஒருவரையொருவர் பொறுத்துக்கொண்டு நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். அம்மாவுக்கு முழங்காலில் வலி, கண்ணும் மங்கல், நாக்கில் ஒரு குறையும் இல்லை. எனக்குப் பள்ளியில் இந்த ஆண்டும் எட்டாம் வகுப்புக் கணக்கு. நாற்பத்தைந்து பிள்ளைகள், பதினெட்டு புத்தகங்கள்.

நல்ல செய்தியை முதலில் எழுதிவிட்டேன். இனி மற்றது.

ஜனவரிக் காற்றில் கிணற்றடித் தென்னை நம் வீட்டுக் கோவில்மேல் விழுந்தது. மூன்று மாடமும் போயிற்று. வலது மாடத்தில் அப்பா இருந்தார். தகனம் முடிந்து, எல்லாச் சடங்கும் செய்து, அவரைக் கொண்டுபோய் அங்கே உட்கார வைத்தது நீதான். விடிந்து பார்த்தபோது தேங்காய்க் குலைகளுக்கு நடுவில் அந்த மாடத்தின் கதவு மட்டும் மூடியபடியே கிடந்தது. வீட்டுக்கு வாசல் இடுப்பு, அடுக்களை கால், கூடங்கள் கை, வடகிழக்கு மூலைக் கோவில் தலை என்று சின்ன வயதில் நீ மண்ணில் படம் போட்டு எனக்கே பாடம் எடுப்பாய். இரண்டு மாதமாக நம் வீடு தலையில்லாமல் நிற்கிறது.

இப்போதைக்குக் கல்யாண முருங்கைக் கம்புகளை நட்டு ஒரு மூங்கில் மாடம் வைத்திருக்கிறோம். கம்புகள் துளிர்விட்டுவிட்டன. அம்மா தினமும் அந்த இலைகளைத் தடவி, "ஒங்கப்பாவுக்கு எங்க வெச்சாலும் பிடிச்சுக்கும்" என்கிறாள்.

புதுக் கோவிலுக்குப் பலா மரம் அறுத்தாயிற்று. ஜூன் எட்டாம் தேதி அளவு எடுக்க நாள் குறித்திருக்கிறார்கள். யார் உடம்பை அளப்பது என்பதுதான் கேள்வி. பெரியப்பா போன வாரம் காபி குடித்துக்கொண்டே ஆரம்பித்தார்.

"ஆளே இல்லாத வீட்டுக்கு ஆளோட அளவு எங்கேர்ந்து வரும்? எம்பையன் லோத்ரா இருக்கான்ல. கைய விரிச்சான்னா போச்சு."

"நெங்கா இருக்கான் பெரியப்பா" என்றேன்.

"இருக்கான். கடலுக்கு அந்தப் பக்கம் இருக்கான். சாமிக்கு அவ்வளவு தூரம் கண்ணு தெரியுமா?"

பெரியப்பா கெட்டவர் இல்லை, உனக்கே தெரியும். ஆனால் யாருடைய அளவில் கோவில் எழும்புகிறதோ அவன்தான் அதன் காவலன். காவலன் கையில்தான் வீடு. அதுவும் உனக்குத் தெரியும். பெண்ணுடைய அளவை எடுக்கும் வழக்கம் இல்லை. நாற்பத்துநான்கு வயதில் நான் யாரையும் கட்டிக்கொண்டு இங்கே கொண்டுவரப் போவதும் இல்லை.

நீ வர வேண்டும். வரவே முடியாதென்றால் ஸ்தபதி பான் ருந்து ஒரு வழி சொல்கிறார். உன் உடம்பின் அளவுகளைக் கயிற்றில் முடிச்சுப் போட்டு அனுப்பு. உயரம், இரு கை விரித்த நீளம், முழம், கட்டைவிரல் நிமிர்ந்த பிடி, காலடி. கடைசியாக ஆள்காட்டி விரலின் அகலம். எல்லா அளவோடும் அந்த ஒரு விரலைக் கூட்டினால்தான் கட்டடத்துக்கு உயிர் வருமாம். அதை மட்டும் மறந்துவிடாதே.

வந்துவிடேன். மூன்று வருடம் ஆயிற்று.

அன்புடன்
ரெத்தி அக்கா


ரோட்டர்டாம்
29 மார்ச் 1987

அன்புள்ள அக்காவுக்கு,

ஓம் சுவஸ்தியஸ்து. தென்னை விழுந்த செய்தி படித்து இரண்டு நாள் வேலையில் மனமே இல்லை. அம்மாமேல் விழாமல் போயிற்றே, அதற்கே தனியாக ஒரு படையல் வை.

வர முடியாது அக்கா. இங்கே விடுப்புக் கேட்டால் நம்மை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, அடுத்த ஆளைக் கூப்பிடுகிறார்கள். கயிறு அனுப்பியிருக்கிறேன். முடிச்சு ஒவ்வொன்றிலும் சின்னக் காகிதம் கட்டி எது என்ன அளவு என்று எழுதியிருக்கிறேன். ஒரு விரல் உயிரும் இருக்கிறது, கடைசி முடிச்சு.

என் கையெழுத்தைப் பற்றி முன்பு ஒரு கடிதத்தில் கேட்டிருந்தாய். ஒன்றுமில்லை. இங்கே பேனா சரியில்லை, மேசையும் சரியில்லை. டீச்சர் புத்தியை விட்டுவிடு.

இங்கே மீன் நிறைய. ஆனால் எல்லாம் கல்லாக உறைந்து வருகிறது. அறுத்துப் பெட்டியில் போடும்வரைக்கும் அது மீன் என்றே தோன்றாது. மிளகாய் இல்லாத ஊர் இது. அம்மா அரைக்கும் சம்பலில் ஒரு கரண்டி நாக்கில் வைத்தால் இந்த ஊரே எழுந்து ஓடும்.

லோத்ராவிடம் சொல், கையை மடக்கிக்கொண்டு சேவலைப் பார்க்கப் போகச் சொல். அளவு வந்துவிட்டது.

அன்புத் தம்பி
நெங்கா


பாங்லி
27 ஏப்ரல் 1987

நெங்கா,

கயிறு வந்தது. யாரிடமும் சொல்லாமல் நேராகப் பான் ருந்து வீட்டுக்கு எடுத்துப் போனேன். அவர் அதைத் தரையில் நீட்டிப் போட்டார். காலால் ஒரு முனையை மிதித்துக்கொண்டு, முடிச்சு முடிச்சாக விரலால் தடவிக்கொண்டே போனார். பாதிவரை போனவர் திரும்பவும் முதலிலிருந்து வந்தார். பிறகு வெற்றிலையைத் துப்பிவிட்டு என்னைப் பார்த்தார்.

"ஒந்தம்பி ஹாலந்துல அனுமார் சேனைல சேந்துட்டானா?"

"என்ன மாமா?"

"இந்த ஆளு நின்னா கை முழங்காலத் தொடும்மா. பாரு, இது உயரம், இது காலடி. நம்ம நெங்காதான். பதினாறு வயசுல நான் அவன அளந்திருக்கேன், இந்தப் பாதம் எனக்குத் தெரியும். ஆனா இந்த விரிகை, முழம், பிடி எல்லாம் வேற எவனோ நெட்டையனோடது. ஒரே கயித்துல ரெண்டு ஆளு."

எனக்குச் சிரிப்பு வந்தது. சிரித்துக்கொண்டே வீடுவரை வந்துவிட்டேன். வாசற்படியில் கால் வைத்தபோதுதான் உறைத்தது. கயிற்றை மறுபடி பிரித்துப் பார்த்தேன். உயரமும் காலடியும் உன்னுடையவை. கை சம்பந்தப்பட்ட எதுவுமே உன்னுடையது இல்லை. ஒன்றரை வருடமாகக் கையெழுத்தும் உன்னுடையது இல்லை.

உன் கைக்கு என்ன ஆயிற்று?

நான் கணக்கு டீச்சர்தான். இரண்டையும் கூட்டத் தெரியாதா எனக்கு? நீ ஏன் மறைத்தாய் என்றும் புரிகிறது. காவலன் உடம்பில் ஊனம் இருக்கக்கூடாது என்பார்கள். பெரியப்பா அதைத்தான் முதலில் எடுப்பார். ஆனால் அவர் சொல்வதற்கு முன்னால் நீயே உன்னைத் தள்ளிவைத்துக்கொண்டாயே, அதுதான் எனக்குத் தாங்கவில்லை. என்னிடமாவது சொல்லியிருக்கக் கூடாதா?

பான் ருந்து வாயைத் திறக்க மாட்டார். "நான் கயித்தத்தான் அளப்பேன், ஆள விசாரிக்க மாட்டேன்" என்றுவிட்டார். ஆகவே இது என் கையில் இருக்கிறது. இந்தக் கயிற்றை ஜூன் எட்டாம் தேதி நீட்டினால் கோவில் எழும்பும், வீடு உன் பெயரில் நிற்கும், யாருக்கும் தெரியாது. யாரோ ஒரு முகம் தெரியாதவனின் விரலை உயிரென்று வைத்து அதில் அப்பாவை உட்கார வைக்க வேண்டும். தினமும் காலையில் நான் அதன்முன் பூ வைக்க வேண்டும்.

உண்மையை எழுது. கை எப்படி இருந்தாலும் எழுது. உன் சொந்த அளவு எது மிச்சம் இருக்கிறதோ அதை அனுப்பு. மீதிக்கு நானும் பான் ருந்துவும் சேர்ந்து ஏதாவது வழி பார்க்கிறோம். எட்டாம் தேதிக்குள் ஒரு வரியாவது வர வேண்டும். வராவிட்டால் என்ன செய்வேன் என்று எனக்கே தெரியவில்லை.

ரெத்தி


பாங்லி
9 ஜூன் 1987

நெங்கா,

தபால்காரர் ஏழாம் தேதி மாலைவரை வந்தார். பள்ளிக்கு ஒரு சுற்றறிக்கை, அவ்வளவுதான்.

நேற்றுக் காலை அளவு எடுத்தார்கள். முற்றம் நிறைய ஆட்கள். பெண்கள் ஓலை முடைந்துகொண்டிருந்தார்கள், பெரியம்மா காபியில் யாருக்குச் சர்க்கரை போட்டோம் என்று மறந்து எல்லோருக்கும் இன்னொரு முறை போட்டுக்கொண்டிருந்தாள். பான் ருந்து புது மூங்கில் கோலைச் சீவி மடியில் வைத்திருந்தார். கயிறு என் இடுப்புத் துணிக்குள் இருந்தது.

பெரியப்பா எல்லோருக்கும் கேட்கும்படி கேட்டார். "ரெத்தி, கயிறு வந்துச்சா இல்லியா?"

பான் ருந்து தலை நிமிரவில்லை. கத்தியைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

"வரல, பெரியப்பா."

அந்தக் கயிற்றைக் கொடுத்திருக்கலாம். கை அதுவரை போயிற்று. அப்பா வந்து உட்காரும் இடத்தில் பொய்யை வைக்க முடியவில்லை. 'வந்தது, ஆனால் என் தம்பியுடையது இல்லை' என்று சொல்லியிருந்தால் உன் கையை அந்த முற்றத்தில் ஒவ்வொருவரும் பேசியிருப்பார்கள். அதுவும் முடியவில்லை. கோவிலுக்காக ஒரு பொய்யைத் தவிர்த்தேன், உனக்காக இன்னொரு பொய்யைச் சொன்னேன். இரவெல்லாம் யோசித்தும் உன்னைக் காப்பாற்றினேனா, கைவிட்டேனா என்று தெரியவில்லை.

லோத்ரா உடனே வந்துவிடவில்லை. என் பக்கத்தில் வந்து, "அக்கா, ஒனக்குச் சம்மதமா? நீ சொல்லு, நான் இப்பவே வயித்து வலின்னு வீட்டுக்குப் போயிடறேன்" என்றான். நிஜமாகவே போயிருப்பான். எத்தனை நாள் அவனுக்கு வயிறு வலிக்கும்? போய் நில் என்றேன். நின்றான். கையை விரித்தான். அம்மாவுக்குத்தான் கண் சரியாகத் தெரியவில்லையே. "நெங்கா வளந்துட்டான்டி" என்றாள். லோத்ராவின் கை லேசாக இறங்கியது. பான் ருந்து, "ஆட்டாதடா" என்று அதட்டி, மறுபடி தூக்கிவிட்டார்.

கடைசியில் லோத்ராவின் ஆள்காட்டி விரலைக் கோலின் நுனியில் வைத்து, அந்த அகலத்துக்கு ஒரு கீறல் போட்டு வெட்டினார். முடிந்தது. உயிர் சேர்த்து வெட்டிய கோலை மாற்றும் வழக்கம் கிடையாது. இன்னொரு தென்னை விழுந்தால்தான்.

கோவிலை உயிர்ப்பிக்கும் சடங்கு முடிந்ததும் லோத்ராவும் அவன் மனைவியும் இங்கே வருகிறார்கள். பெரியம்மா என்னிடம், "நீ பாட்டுக்கு இரு, ஒன்ன யாரு போகச் சொன்னா?" என்றாள். அன்பாகத்தான் சொன்னாள். நாற்பத்துநான்கு வருடம் இருந்த வீட்டில் இருக்கச் சொல்லி ஒருவர் அனுமதி தருவது எப்படி இருக்கும் என்று நேற்றுதான் தெரிந்தது. பள்ளிக் குடியிருப்பில் ஓர் அறை கேட்டு எழுதிக் கொடுத்திருக்கிறேன். அம்மா அப்பாவை விட்டு வரமாட்டாள். தினமும் சாயங்காலம் போய்ப் பார்த்துவிட்டு வருவேன்.

கயிறு என்னிடம் இருக்கிறது. என்ன செய்வதென்று தெரியவில்லை. இனி எழுதினால் பள்ளி முகவரிக்கு எழுது. எழுதாவிட்டாலும் கையைக் கவனமாகப் பார்த்துக்கொள்.

ரெத்தி


ரோட்டர்டாம்
12 ஜூன் 1987

என் அன்பு அக்கா,

ஓம் சுவஸ்தியஸ்து! உன் ஏப்ரல் கடிதம் நேற்றுதான் கைக்கு வந்தது. நான் அறை மாறிவிட்டேன். கடிதம் பழைய வீட்டுக்காரி அலமாரியில் ஒரு மாதம் தூங்கியிருக்கிறது. படித்ததும் தந்தி ஆபீசுக்கு ஓடினேன். வரிசையில் நின்று, படிவத்தையும் வாங்கிவிட்டேன். தந்தியில் எத்தனை விரல் என்று எழுதுவது? திரும்பி வந்துவிட்டேன். கடிதமாகவே எழுதுகிறேன்.

வலது கையில் மூன்று விரல் இல்லை. ஆள்காட்டி, நடு, மோதிரம். ஒன்றரை வருடத்துக்கு முன்னால், உறைந்த மீனை அறுக்கும் ரம்பத்தில். வலி இப்போது இல்லை. இடது கையால் எழுத, சின்னப் பிள்ளைகளின் கோடு போட்ட நோட்டு வாங்கிப் பழகினேன். உன்னிடம் காட்டினால் பத்துக்கு ஐந்துகூடப் போடமாட்டாய்.

ஒற்றைக்கண் சித்தப்பா பூசைக்கு நிற்கிறேன் என்றபோது ஊரே சிரித்ததே, நானும்தான் சிரித்தேன். அதுதான் பயம், அக்கா. அந்தச் சிரிப்பை எனக்குத் தெரியும்.

கயிற்றில் இருந்தது கெரிட்டின் கை. கூட வேலை செய்கிறவன், கதவில் குனிந்து வருவான். கையை விரி என்றேன். எதற்கு என்றான். சாமி வீட்டுக்கு என்றேன். ஒரு நிமிடம் என்று சொல்லிவிட்டு, உள்ளே போய் சோப்புப் போட்டுக் கழுவிக்கொண்டு வந்து விரித்தான். அவன் ஈரக் கையில் கயிற்றை வைத்தபோதே வெட்கமாகப் போய்விட்டது. அப்படியும் அனுப்பினேன். நீ கண்டுபிடித்துவிட்டாய். படித்தபோது எனக்கு முதலில் வந்தது கோபம் இல்லை, அப்பாடா என்ற மூச்சுதான்.

யோசித்துப் பார்த்தேன். இடது கை முழுசாக இருக்கிறதே! வலது கையைத்தான் அளக்க வேண்டும் என்று எந்தச் சுவடியில் எழுதியிருக்கிறது? பான் ருந்துவிடம் கேள். விரிகையை நடு மார்பிலிருந்து இடது நுனிவரை எடுத்து இரண்டால் பெருக்கட்டும், கணக்கு டீச்சர் நீ பக்கத்தில் நின்று சரிபார். இதோடு புதுக் கயிறு வைத்திருக்கிறேன். எல்லாம் என் உடம்பு. விரல் அகலமும் என்னுடையது. ஊனம் என்று பெரியப்பா சொல்வார். சொல்லட்டும். முற்றத்தில் நின்று நானே எல்லோருக்கும் கையைக் காட்டுகிறேன். சிரிக்கிறவர்கள் சிரித்து முடிக்கட்டும்.

வேலையை விட்டுவிட்டேன். ஜூலை மூன்றாம் தேதி விமானம். அம்மாவிடம் நீ முன்கூட்டிச் சொல்லாதே. நான் வந்து, அவள் கையை எடுத்து என் கைமேல் வைத்துச் சொல்கிறேன். அவள் அழும்போது நீ பக்கத்தில் இரு.

நீ எழுதிய எட்டாம் தேதி போய்விட்டது, தெரியும். ஆனால் நம் ஊரில் எது சொன்ன நாளில் நடந்திருக்கிறது? பன்றி கிடைக்கவில்லை, ஓலை வரவில்லை, யாருக்கோ தீட்டு என்று பெரியப்பா எப்படியும் மாதக் கடைசிவரை இழுத்திருப்பார். இந்தக் கடிதம் கிடைத்ததும் ஓடிப்போய் அவரிடம் சொல்லிவிடு. அளவு வந்துவிட்டது, ஆளும் வருகிறான், இன்னும் கொஞ்சம் பொறுக்கச் சொல்.

உன் தம்பி
நெங்கா