போனை நீ வைக்க மறந்த அன்று

அன்புள்ள அம்மாவுக்கு,

உன் மூட்டுவலி தேவலையா? அப்பா மாத்திரையை ஒழுங்காகப் போடுகிறாரா? நான் நன்றாக இருக்கிறேன். இதைப் போனில் சொல்ல வாய் வரவில்லை, அதனால் எழுதுகிறேன்.

என் எட்டு நிமிடப் படத்தை ஞாயிறன்று ஒரு சின்ன அரங்கில் காட்டினார்கள். நடிகை, கேமராக்காரி, டீ வாங்கி வருபவள் எல்லாம் நானேதான். திரையில் என் கைகள் துணி மடித்துக்கொண்டே இருக்கும். பின்னால் உன் குரல். திட்டாதே. நம் பேச்சைப் பதிவு செய்து வைப்பது என் வழக்கம். ஒருநாள் நீ போனை வைக்க மறந்து அப்பாவிடம் பேசியதும் அதில் விழுந்துவிட்டது.

"அவ சாப்பிடலைங்க, குரலே சொல்லுது. சினிமா சினிமான்னு நின்னவளை நாமதானே விரட்டிவிட்டோம்."

அங்கே யாருக்கும் தமிழ் தெரியாது என்ற தைரியத்தில்தான் சேர்த்தேன். எல்லோரும் கைதட்டினார்கள். அரங்கைப் பெருக்க வந்த அக்கா மட்டும் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "அம்மாகிட்ட கேட்டுட்டுத்தான் போட்டியா?" என்றார்.

இன்னும் நான்கு ஊர்களில் காட்டக் கேட்கிறார்கள். இப்போதைக்கு வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். உனக்குச் சம்மதமில்லை என்றால் குரலை எடுத்துவிடுகிறேன். கோபமாக இருந்தாலும் போன் செய்து சொல். பதிவு செய்ய மாட்டேன்.

நீங்கள் என்னை விரட்டவில்லை, அம்மா. நானாகத்தான் வந்தேன்.

படமெடுக்கும்போது ஜன்னல் வெளிச்சத்தை மறைக்க உன் பழைய புடவை ஒன்று வேண்டும். துவைக்காமல் அனுப்பு. சலவைக்கூடத்தில்தானே எனக்கு வேலை, நானே பார்த்துக்கொள்கிறேன்.

ஷிப்டுக்கு நேரமாகிவிட்டது.

உன் மகள்