கிழட்டு யானை மலையேறிப் போன கதை

மாப்ளே,

நேற்றுச் சின்னமனூர் சலூனில் ஒரு கன்னம் சிரைத்து, மறு கன்னம் நுரையில் இருந்தபோது, மேலே டிவியில் மறுபடி போட்ட பழைய பொம்மைப் படத்தில் உன் கிழட்டு யானை பேசியது. தான் போட்ட ஒரு தும்மலில் ஏழு தோப்புத் தேங்காயும் உதிர்ந்ததாம். கம்பம் பஸ் ஸ்டாண்டில் வைத்து உனக்கு நான் அவிழ்த்துவிட்ட பொய் அது. நுரையும் துண்டுமாக எழுந்து நின்று, அந்த யானையே நான்தான் என்று அவையோருக்கு அறிவித்தேன். என் வயிற்றைப் பார்த்த கடைக்காரர் மறுக்கவில்லை. எழுதியவன் பெயர் வரட்டும், காட்டலாம் என்று நின்றேன். அதற்குள் விளம்பரம் போட்டுவிட்டார்கள்.

பெயர் வராத உத்தியோகம்தான் உனக்கு வாய்த்தது. உனக்குப் பெண் பார்த்த காலத்தில் என் அக்கா, அதுதான் உன் அம்மா, பையன் டிவியில் ஆபீசர் என்று சொல்லிக்கொண்டிருந்தாள். பொம்மைப் படத்துக்குக் கதை எழுதுகிறவன் என்றால் யார் பெண் கொடுப்பார்கள்? நான் ஒரு படி மேலே போய், என் மருமகன் உத்தரவில்லாமல் ஒரு யானை வாலை ஆட்டாது என்று சம்பந்திகளிடம் முழங்கினேன். என் ஆயுளில் நான் சொன்ன ஒரே உண்மை அதுதான் போலிருக்கிறது. படம் வரைகிறவர்கள் வேறெங்கோ இருப்பார்கள், தாளில் இல்லாததை வரையமாட்டார்கள் என்று பிறகு நீதான் விளக்கினாய்.

"யானைக்கு வருத்தம்னு எழுதுனா வேலைக்காகாது மாமா. காது தொங்குது, துதிக்கை தரையில கிடக்குதுன்னு எழுதணும்."

ரத்தத்தில் நோய் என்று தெரிந்து, சென்னையைக் காலி செய்துகொண்டு வந்தாய். மதுரை ஆஸ்பத்திரிக்குக் காரில் போகவர நான்தான் துணை. பேனா பிடிக்க விரல் ஒத்துழைக்காத நாளில், உன் அரசவையின் ஆஸ்தான எழுத்தராக நானே பதவியேற்றேன். ஆண்டிபட்டிக் கணவாய் ஏறும்போது கண்ணை மூடியபடி சொன்னாய்: யானை படுக்கிறது. கண் மூடுகிறது. குட்டி முயல் தட்டி எழுப்புகிறது. யானை எழுந்திருக்கவில்லை.

நான் எழுதுவதை நிறுத்திவிட்டேன்.

"எழுதுங்க மாமா. நான் போயிட்டா என் பாப்பாவுக்கு யாரு சொல்லுவா? வீட்டுல ஒருத்தரும் சொல்லமாட்டாக. யானை செத்தா அவளுக்குப் புரியும்."

சேனலில் இருந்து ஒரு அம்மா போன் செய்தார்கள். குழந்தைகள் பார்ப்பதில் சாவு கூடாதாம், யானையை எங்கேயாவது அனுப்பிவைக்கச் சொன்னார்கள். இருந்த மூச்சையெல்லாம் திரட்டி நீ வாதாடினாய். இருமல் வந்து பேச்சை மறித்தது. போனை என்னிடம் நீட்டினாய். உன் பங்குக்கு நான் கர்ஜித்திருக்கலாம். சரிங்கம்மா என்று சொல்லிப் போனை வைத்தேன்.

"செத்த வரியை அடிச்சுருங்க மாமா. யானை மலையேறிப் போகுது, திரும்பிப் பாத்துத் துதிக்கையை ஆட்டுதுன்னு போடுங்க."

பொய்க்கே சக்கரவர்த்தியான நான், அந்த ஒரு வரியை மட்டும் மூன்று தடவை அடித்து அடித்து எழுதினேன்.

அது டிவியில் வந்தபோது நீ இல்லை. உன் மகளிடம் எல்லோரும், அப்பா வெளியூர் போயிருக்கிறார் என்றே சொல்லி வைத்திருந்தார்கள். யானை துதிக்கையை ஆட்டியதும் அவளும் பதிலுக்குக் கையை ஆட்டினாள். பிறகு என் பக்கம் திரும்பினாள்.

"தாத்தா, அப்பாவும் அந்த மலைக்குத்தான் போயிருக்காகளா? எப்ப வருவாக?"

அடுக்களையில் பாத்திரச் சத்தம் நின்றது. உன் அம்மா வாசலில் நின்று, வேண்டாம் என்று எனக்குத் தலையை ஆட்டினாள்.

"வரமாட்டான் ஆத்தா," என்றேன். "செத்துப்போயிட்டான்."

"யானை?"

"யானையுந்தான்."

அவள் அழுத அழுகையை உனக்கு எழுத மாட்டேன். அக்கா அதற்கப்புறம் என்னோடு முகம் கொடுத்துப் பேசுவதில்லை. நான் போனால் காப்பியை மட்டும் முன்னால் வைத்துவிட்டுப் போய்விடுகிறாள். குடித்துவிட்டு வருகிறேன்.

ஆனால் உன் மகள் என்னிடம்தான் வருகிறாள். மேகமலையில் புலிக்கு நான் பல் தேய்த்துவிட்ட வரலாற்றை ஆரம்பித்தால், கையைக் காட்டி நிறுத்துகிறாள்.

"இது அப்பா செத்த மாதிரி நெசமா தாத்தா, இல்ல சும்மாவா?"

"சும்மாதான் ஆத்தா."

"அப்பச் சொல்லுங்க," என்று என் மடியில் சாய்ந்துகொள்கிறாள்.