மாலை போட்ட என் படம்

என் தனத்துக்கு,

நீ இருக்கும் இடத்துக்குத் தபால் போகுமோ என்னவோ. துறைமுகத்தில் மூட்டைக்கு அடையாளம் எழுதிப் பழகிய கை. எழுத்து கோணலாக இருந்தால் சிரித்துக்கொள்.

சினிமாவில் வேலைக்காரியாக வருவாய், மருத்துவச்சியாக வருவாய், பக்கத்து வீட்டுக்காரியாக எட்டிப் பார்ப்பாய். பெயர் போடும்போது நீ 'மற்றும் பலர்' என்பதற்குள் இருப்பாய். அந்தப் 'பலர்' வந்ததும் கை தட்டுகிற ஒரே ஆள் ராயபுரத்திலேயே நான்தான்.

உனக்கு விதவை வேஷம் கிடைத்தபோது, சுவரில் மாட்ட ஒரு செத்த புருஷனின் படம் வேண்டும் என்றார்களாம். நம் வீட்டுச் சுவரிலிருந்து என்னைக் கழற்றிப் பையில் போட்டுக்கொண்டு டிராம் ஏறினாய். என் அக்கா காசிமேட்டிலிருந்து ஓடி வந்தாள்.

"ஏண்டி, ஆம்பள குத்துக்கல்லாட்டம் குந்திகினு கீறான். அவன் படத்துக்கு மாலை போடறியே, உனக்கு இன்னா பேஜாரு?"

"வூட்ல வாயே மூட மாட்டறாரு அண்ணி. அங்கனாச்சும் கம்முனு கீறாரான்னு பாக்கறேன்."

தரை டிக்கெட்டில் உட்கார்ந்து என் சாவைப் பார்த்தேன். உனக்கு ஒரு வசனமும் இல்லை. அடுப்படிக்குப் போகிற வழியில் நின்றாய். முந்தானையால் என் படத்தின் கண்ணாடியைத் துடைத்தாய். கோணியிருந்ததை நேராக்கினாய். போய்விட்டாய். அவ்வளவுதான். எனக்கு முன்னால் இருந்த மீன்காரம்மா மூக்கைச் சிந்திக்கொண்டு, "பாவம், இன்னா மாதிரி மனுசனோ" என்றாள். நானும் அழுதேன், எனக்காகத்தான். விளக்குப் போட்டதும் அவள் திரும்பிப் பார்த்தாள்.

"ஐய, நைனா, நீ சாவலியா?"

தான் இல்லாத வீட்டில் தன் பெண்டாட்டி எப்படி நடமாடுவாள் என்று உயிரோடு உட்கார்ந்து பார்க்க எந்தப் புருஷனுக்குக் கிடைக்கும்? அழச் சொன்ன இடத்தில் அழாமல் துடைக்க உனக்கு யார் சொல்லிக் கொடுத்தார்கள்? அன்றே கேட்டேன். "தூசி இருந்துது, தொடச்சேன்" என்றாய். இன்றுவரை எனக்கு அது பிடிபடவில்லை.

நீ போய் இந்த ஆடியோடு ஒரு வருஷம். உன் படம் சுவரில் இருக்கிறது, மாலை இல்லாமல். அக்கா பூ கொண்டு வரும்போதெல்லாம் சாமிக்குப் போடு என்று திருப்பிவிடுகிறேன். போட்டுவிட்டால் நீ போனது நிஜமாகிவிடுமே. ஒருநாள் உன்னைப் போலவே கண்ணாடியைத் துடைத்துப் பார்த்தேன். ஆணியோடு கையில் வந்துவிட்டது. நடிப்பு எனக்கு வராது.

ஒரு செய்தி. நம் வசந்தாவை நடிக்கக் கூப்பிட்டிருக்கிறார்கள். தாயில்லாப் பெண் வேஷம். முந்தாநாள் வந்து தயங்கித் தயங்கி நின்றாள்.

"நைனா, செவுத்துல மாட்ட கம்பெனில யாரோ ஒரு பொம்பள படம் வெச்சிகீறாங்க. யாரோ மூஞ்சியப் பாத்தா எனுக்கு அழுவ வராது. அம்மா படத்தக் குடு நைனா."

கொடுத்தால் அவர்கள் மாலை போடுவார்கள், ஊரே பார்க்கும். கொடுக்காவிட்டால் நம் பெண் யாரோ ஒருத்திக்காக அழ வேண்டும். இரண்டு நாளாக உன் படத்தடியிலேயே உட்கார்ந்திருந்தேன். அவளும் ஒரு வார்த்தை மேலே கேட்கவில்லை. அந்தப் பிடிவாதம் உன்னுடையதுதானே?

இன்று காலை உன்னைச் சுவரிலிருந்து எடுத்தேன்.

அன்று எனக்கு அவர்கள் போட்டது காகிதப் பூ. உனக்கு அது வேண்டாம். நாளைக்குக் கடைத்தெருவில் சாமந்தி வாங்கி, முதல் மாலையை என் கையால் போட்டுத்தான் வசந்தாவிடம் கொடுப்பேன். படம் வந்ததும் அதே தரை டிக்கெட்டில் உட்காருவேன். பக்கத்தில் யாராவது "பாவம், இன்னா மாதிரி பொம்பளையோ" என்றால், இந்தத் தடவை நான் திரும்பி, எனக்குத் தெரியும் என்று சொல்வேன்.

உனக்கு முன்னால் படத்தில் செத்துப்போன உன் புருஷன்,
வசந்தாவின் அப்பன்,
மாணிக்கம்