நகைக்கள்ளன் படத்தின் இரண்டாம் பாகத்திற்கு வாசிப்பாளர் வேண்டல்

அனுப்புநர்:
எலிசபெத் சூசைதாசன்,
ஓய்வுபெற்ற ஆசிரியை,
ஹொல்ம்லியா, ஒஸ்லோ.

பெறுநர்:
திரு. அபிராம் யோகநாதன் அவர்கள்,
திரையிடல் பொறுப்பாளர்,
சமூக மண்டபம், ஹொல்ம்லியா.

பொருள்: தமிழ் வாசிப்பு நிறுத்தப்பட்டமை தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

1. முதலில் எங்கள் நன்றி. நகைக்கள்ளனும் துப்பறிவாளரும் வரும் பேசாப்படத்தின் முதற்பாகத்தை ஒக்டோபர் 23ஆம் திகதி திரையிட்டீர்கள். இடையிடையே வரும் நோர்வேஜிய எழுத்துகளை நான் தமிழில் வாசிக்க இடமளித்து, திரைக்குப் பக்கத்தில் ஒரு சிறு விளக்கும் வைத்துத் தந்தீர்கள். எங்கள் மூத்தோர் பன்னிருவர் அன்றுதான் மற்றவர்கள் சிரித்த அதே நேரத்தில் தாங்களும் சிரித்தார்கள்.

2. சத்தம் குறித்து ஒரு பார்வையாளர் முறையிட்டதால் வாசிப்பை நிறுத்துவதாக அறிவித்திருந்தீர்கள். அவர்மேல் தவறில்லை, தவறு என்னுடையது. முப்பத்தொரு ஆண்டுகள் வகுப்பில் நின்ற பழக்கத்தில் வாசிப்பை நிறுத்தி, “அட்டியல் இப்ப ஆரிட்டை இருக்கு?” என்று கேட்டுவிட்டேன். பன்னிருவரும் ஒன்றாகப் பதில் சொன்னார்கள். இருவர் கையும் உயர்த்தினார்கள்.

3. சரியாகச் சொன்னவர் திருமதி சத்தியபாமா மட்டுமே. நடனமாடியபடியே கள்ளன் தான் திருடிய அட்டியலைத் துப்பறிவாளரின் மேலங்கிப் பைக்குள் நழுவவிட்டதை அவர் கண்டிருந்தார். வடநோர்வேயின் பாட்ஸ்பியோர்ட் மீன் தொழிற்சாலையில் இருபது ஆண்டுகள், ஓடும் பட்டியில் முள் எடுபடாமல் தப்பிய மீன் துண்டுகளைக் கண்ணாலேயே பிடித்தவர். துப்பறிவாளருக்கோ ஒன்றும் தெரியாது. அந்த இடத்தில் முதற்பாகம் முடிந்தது.

4. நவம்பர் 20ஆம் திகதி இரண்டாம் பாகத்திற்கு வாசிப்பு இல்லையென்றால் தான் வரப்போவதில்லை என்கிறார் சத்தியபாமா. கணவர் காலமான பின் அவர் விருப்பத்தோடு வெளியே வந்தது அந்த ஒரு நாள்தான். நான் பார்த்துவிட்டு வந்து கதையைச் சொல்வதாகக் கூறினேன். “சொல்லிப்போடாதேங்கோ ரீச்சர். அவன்ரை கையை நான் பார்க்கோணும்” என்றார்.

5. ஆகவே ஒரு வழியை முன்வைக்கிறேன். பன்னிருவருமே வடநோர்வேயின் மீன் தொழிற்சாலைகளில் வேலை செய்தவர்கள். இயந்திர இரைச்சலில் நாள் முழுவதும் உதட்டைப் பார்த்தே கதைத்தவர்கள். காது மந்தமான சத்தியபாமா அன்றும் என் உதட்டைத்தான் வாசித்திருக்கிறார். பரீட்சார்த்தமாக, சென்ற செவ்வாய்க்கிழமை என் வீட்டில் பன்னிருவர் முன்னும் ஒரு பக்கம் முழுவதையும் குரலின்றி வாசித்துப் பார்த்தேன். இரண்டு சொற்கள் மட்டுமே தவறின.

அதே விளக்கின் கீழ் நின்று, சத்தமே எழாமல் உதட்டசைவால் வாசிக்க அனுமதிக்குமாறு பணிவுடன் வேண்டுகிறேன். கேள்வி எதுவும் கேட்கமாட்டேன்.

உங்கள் பதிலைச் சத்தியபாமாவும் வாசிப்பார். கள்ளன் பிடிபடுகிறானா என்பதை மட்டும் தயவுசெய்து அதில் எழுதிவிட வேண்டாம்.

இடம்: ஹொல்ம்லியா
திகதி: 06.11.2025

என்றும் நன்றியுடன்,
எ. சூசைதாசன்
(பன்னிருவர் சார்பிலும்)