பாலத்துச் சுவரில் என் முதுகு

மார்ச் 3, செவ்வாய்

மாலையில் மகள் வழக்கம்போல் போனில் விசாரணை நடத்தினாள்.

"அந்த சைக்கிளைத் தொடலியே?"

"தொடலை."

உண்மைதான். அந்த சைக்கிள் மாடிப்படிக்கு அடியில் பழைய போர்வையைப் போர்த்திக்கொண்டு நிற்கிறது. போன வருடம் மார்க்கெட் திருப்பத்தில் விழுந்து மணிக்கட்டை முறித்துக்கொண்டபோது, அதை இனித் தொடுவதில்லை என்று அவளுக்கு வாக்குக் கொடுத்தேன். தொடவில்லை. நான் ஓட்டுவது சைக்கிள் கடைக்காரரிடம் வாடகைக்கு எடுத்த வேறு சைக்கிள். என்னைப்போல் கான்வென்ட்டில் படித்தவள் பொய் சொல்ல மாட்டாள். கேட்ட கேள்விக்கு மட்டும் பதில் சொல்வாள்.

மறுபடி ஓட்டியது தெரிந்தால் அவளுடைய பதினோராவது மாடி வீட்டுக்கு என்னைக் கூட்டிப்போய்விடுவாள். எனக்கென்று ஓர் அறையே ஒழித்து வைத்திருக்கிறாளாம். அந்த ஜன்னலிலிருந்து பார்த்தால் மனிதர்கள் கடுகு மாதிரி தெரிவார்கள். கடுகோடு நான் எப்படிச் சண்டை போடுவது?

மார்ச் 5, வியாழன்

இன்று பாலத்தைத் தாண்டிப் பழைய மில் பக்கம் போனேன். மில் மூடிக் காலமாகிறது. கிடங்குகளை இப்போது கலைஞர்கள் பிடித்துக்கொண்டிருக்கிறார்கள். ஒன்றில் பானை வனைகிறார்கள், ஒன்றில் துணியில் அச்சுப் போடுகிறார்கள், ஒன்றில் நாலு பேர் தகர டப்பாவை வெளுத்து வாங்குகிறார்கள். ஒத்திகையாம். ஒரு காபிக் கடையும் இருக்கிறது. அங்கே ஒரு நாற்காலியைப் போல் இன்னொரு நாற்காலி இல்லை. ஒரே மாதிரி வாங்க முடியவில்லையா என்று கேட்டேன். "அதுதான் ஸ்டைலு, மேடம்" என்றான் கடைப் பையன். என் ஸ்டைல் நாற்காலிக்குக் கால் ஆடியது.

ஆனால் சுவர்கள்! ஒரு சுவர் விடாமல் படம். தூங்கும் ஆள் ஒருவன், தெரு முழுக்க நீண்டு படுத்திருக்கிறான். ஒரு ஜன்னலைத் தலையணையாக வைத்திருக்கிறான். ஜன்னலுக்குள் யாரோ நிஜமாகவே துணி மடித்துக்கொண்டிருந்தார்கள். நின்று பார்த்தேன். நேரம் போனதே தெரியவில்லை.

சுவரில் கிறுக்குவது அநாகரிகம் என்ற என் கருத்தில் மாற்றமில்லை. நாளையும் போக வேண்டும்.

மார்ச் 8, ஞாயிறு

துணி அச்சுக்கூடச் சந்தில் ஒரு படிக்கட்டும் இரும்புக் கைப்பிடியும் இருந்தன. கைப்பிடியில் சைக்கிளைச் சாய்த்தேன். விழுந்தது. கைப்பிடி, படிக்கட்டு, மேலே உட்கார்ந்திருந்த பூனை, எல்லாமே பெயின்ட். யாரும் பார்க்கவில்லை. பூனையைத் தவிர.

மார்ச் 11, புதன்

பாலத்தை ஒட்டி மில்லின் பெரிய பக்கச் சுவர் இருக்கிறது. ரயில் நிலையத்திலிருந்து ஊருக்குள் வருகிற யாரும் அதைப் பார்க்காமல் வர முடியாது. அங்கே சாரம் கட்டி ஒருத்தி வரைகிறாள். நாற்பது வயதிருக்கும். தலை மொட்டை. உடுப்பில் எது துணி, எது பெயின்ட் என்று பிரிக்க முடியாது. முனிசிபாலிட்டி கொடுத்த வேலையாம். இதுவரை ஒரு ஆக்டோபஸ் பஸ் ஓட்டிக்கொண்டிருக்கிறது.

ஒரு காலைத் தரையில் ஊன்றி, அண்ணாந்து எண்ணினேன்.

"ஏம்மா, ஏழு கைதானே இருக்கு?"

"எட்டாவது பாக்கெட்ல இருக்கு, ஆன்ட்டி. சில்லறை எடுக்குது."

"நான் உனக்கு ஆன்ட்டி இல்லை."

"சரிங்க மேடம்."

பதில் சொல்லத் தெரிந்தவள். பிடித்திருக்கிறது. இதை அவளிடம் சொல்லப்போவதில்லை.

மார்ச் 15, ஞாயிறு

மழை. வீட்டில் இருந்தேன். வீடும் நானும் ஒருவரை ஒருவர் முறைத்துக்கொண்டிருந்தோம்.

மார்ச் 17, செவ்வாய்

எதிர்வீட்டுப் பல் டாக்டர் கேட் அருகில் நிறுத்திச் சொன்னார்: "மேடம், பாலத்துச் சுவரைப் பார்த்தீங்களா? ஆக்டோபஸ் பஸ்ஸுக்குப் பின்னால யாரோ ஒரு கூன் விழுந்த கிழவி சைக்கிள்ல போறா. மாடி உயரத்துக்கு! சிரிப்பா இருக்கு."

உடனே போய்ப் பார்த்தேன்.

நான்தான். பக்கவாட்டில், ஒரு கையை நீட்டி, இடப்பக்கம் திரும்பப்போவதாகக் காட்டிக்கொண்டு போகிறேன். முகம் வெறும் பழுப்புத் தீற்றல். முதுகு மட்டும் குடையின் கைப்பிடி மாதிரி வளைந்திருக்கிறது.

"தினம் இந்த வழியாப் போறவங்களை எல்லாம் போடறேன், மேடம். நீங்க இல்லாம எப்படி?" என்றாள் மேலிருந்து.

பல் டாக்டருக்கே அடையாளம் தெரியவில்லை. அப்படியானால் மகள் கண்ணில் பட்டாலும் தெரியாது. நல்லதாகப் போயிற்று. நிம்மதியாகத் தூங்கலாம்.

மார்ச் 18, புதன்

தூங்கவில்லை. கூனா? எனக்கா?

நான் சூப்பர்வைசராக இருந்த தொலைபேசி நிலையத்தில் முப்பது பெண்கள் வரிசையாக உட்கார்ந்திருப்பார்கள். நான் நடந்து வரும் சத்தம் கேட்டாலே முப்பது முதுகும் நிமிரும். கான்வென்ட்டில் எங்கள் மதர், பெண்களின் தலையில் பைபிளை வைத்து நடக்கச் சொல்வார். வராந்தா முழுக்க நடந்தும் விழாதது என் தலையில் இருந்தது மட்டும்தான். என் வீட்டுக்காரர் இருந்த வரை சொல்லுவார், "உன்னை வச்சுத்தான் சுவர் கட்டறப்ப நூல் பிடிக்கணும்." அப்படிப்பட்டவளை ஊர் பார்க்க, ரயிலில் வருகிறவன் போகிறவன் பார்க்க—

பேசாமல் இரு, கிழவி. முகம் இல்லாதவரைக்கும் தப்பித்தாய்.

மார்ச் 19, வியாழன்

போனேன். முதுகை நேராக்கச் சொன்னேன்.

"வளைஞ்சாத்தான் வேகம் தெரியும், மேடம்."

"வேகம் சக்கரத்தில் இருக்கணும். முதுகில் இல்லை."

சைக்கிளில் ஏறி, சுவரின் நீளத்துக்கு ஓட்டிக் காட்டினேன். சாரத்தில் உட்கார்ந்து பார்த்தாள். பிறகு தூரிகையை எடுத்தாள். சாயங்காலத்துக்குள் கூன் போய்விட்டது.

முதுகு நேரானால் என்ன? முகம் இன்னும் தீற்றல்தான். ஆபத்தில்லை.

மார்ச் 21, சனி

முதுகு சரியானதும் மற்ற தப்பெல்லாம் பல்லை இளிக்கிறது. புடவைத் தலைப்பு கொடி மாதிரி காற்றில் பறக்கிறது. இதைப் பார்த்து எவளாவது அப்படியே ஓட்டினால், தலைப்பு சக்கரத்தில் சுற்றி, கழுத்து என்ன ஆகும்? பொதுமக்கள் பாதுகாப்பு விஷயம் இது. நான் செய்வதுபோல் தலைப்பைச் சுற்றி இடுப்பில் செருகி, கொசுவத்தைத் துணி கிளிப்பால் பிடிக்கச் சொன்னேன்.

"கிளிப் என்ன கலரு?"

"பச்சை."

அப்போது சொல்லாமல் இருந்திருக்கலாம். ஆனால் பச்சைதானே?

மார்ச் 24, செவ்வாய்

அந்த உடம்புக்கு முகம் இல்லாமல் இருப்பது ஒருவித அநியாயம். மூக்குக்கண்ணாடி மட்டும் கேட்டேன். கண்ணாடி போட்டதும் அதைத் தாங்க மூக்கு வேண்டும் என்றாள். நியாயம். மூக்கு வந்ததும் தாடை பொருந்தவில்லை. "இன்னும் கொஞ்சம் தூக்கு" என்று நானேதான் சொன்னேன்.

இறங்கி வந்து பக்கத்தில் நின்று பார்த்தாள். "யாரையோ அதட்டப் போற மாதிரி இருக்கு, மேடம்."

ரொம்ப நன்றாக வந்திருக்கிறது.

மார்ச் 26, வியாழன்

அறிவு கெட்டவள். நான்தான்.

காலையில் பல் டாக்டர் தெருவுக்கே கேட்கிற மாதிரி கத்தினார்: "மேடம்! பாலத்துல இருந்து பார்த்தேன், அச்சு அசல் நீங்க! அந்தப் பச்சை கிளிப் கூட!"

மாலையில் மகள் போன். சனிக்கிழமை வருகிறாள். பேங்க்கில் ஏதோ பயிற்சியாம். ரயிலில்.

ரயிலில் வந்தால் பாலம். பாலம் என்றால் சுவர். சுவர் என்றால் மாடி உயரத்துக்கு நான். கண்ணை மூடிக்கொண்டு வாடி என்று சொல்ல முடியுமா? இதற்குத்தானே ஓடி ஓடித் திருத்தினாய்? சொந்தச் செலவில் சூனியம் வைத்துக்கொள்வது என்றால் இதுதான்.

மார்ச் 27, வெள்ளி

விடிந்ததும் ஓவியக்காரியிடம் போய் எல்லாவற்றையும் சொன்னேன். சிரித்த சிரிப்பில் சாரம் ஆடியது.

"தாடி வரைஞ்சிடவா?"

"விளையாடாதே."

"சரி, அழிச்சிடலாம். உங்க முகம், உங்க இஷ்டம்."

கீழே நாற்காலி போட்டு உட்கார்ந்தேன். முகத்தில் ஆரம்பிப்பாள் என்று பார்த்தால் முதுகுப் பக்கம் போகிறாள்.

"அங்கே என்ன வேலை?"

"முகத்தை மட்டும் மறைச்சாப் போதாது, மேடம். இந்த முதுகு ஊர்ல வேற யாருக்கும் கிடையாது. உங்க பொண்ணு சட்டுனு கண்டுபிடிச்சிடும். மறுபடி வளைச்சாத்தான் தப்பிப்பீங்க."

தூரிகையைத் தொட்டு எடுத்தாள். பழுப்பு நிறம் சொட்டியது. தோள்பட்டைக்குக் கிட்டே கொண்டுபோனாள்.

"நிறுத்து!"

திரும்பிப் பார்த்தாள்.

"விடு. அப்படியே இருக்கட்டும்."

கூனிக்கொண்டு இந்த ஊரில் இருப்பதைவிட, நிமிர்ந்துகொண்டு பதினோராவது மாடிக்குப் போகலாம். அங்கே போனதும் லிஃப்ட் எப்போதெல்லாம் தாமதமாக வருகிறது என்று புகார் எழுத ஆரம்பிப்பேன். பிழைத்துக்கொள்வேன்.

பிழைப்பேனா? ஒரு தெரு இல்லாமல்? நின்று சண்டை போட ஒரு சுவர் இல்லாமல்?

மார்ச் 28, சனி

சுவர் சொல்வதற்கு முன்னால் நானே சொல்வது மரியாதை. சைக்கிளிலேயே ரயில் நிலையம் போனேன். பெட்டியோடு இறங்கி வந்தாள்.

"நீ எதுக்கும்மா வந்தே? எதுல வந்தே?"

"சைக்கிளில்."

பெட்டியைக் கீழே வைத்தாள். "எந்த சைக்கிள்?"

என் பெண்தான். சந்தேகமே இல்லை.

"வாடகை சைக்கிள்" என்றேன்.

அவள் கத்தவில்லை. போனை எடுத்து இரண்டு போட்டோ காட்டினாள். பல் டாக்டர் வேடிக்கையாக இருக்கிறதென்று அனுப்பினாராம். முதலாவதில் நான் கூன் விழுந்து, முகம் இல்லாமல் இருந்தேன்.

"முகம் இல்லைன்னா எனக்குத் தெரியாதா? இந்த ஊர்ல கையை இவ்ளோ நீட்டிக் காட்டிட்டுத் திரும்பறவ வேற யாரு? இதைப் பார்த்துட்டுத்தான் டிக்கெட் போட்டேன். ட்ரெய்னிங்கும் இல்ல, ஒண்ணும் இல்ல. அம்மா இப்படிக் கூனிப் போயிட்டாளே, நான் பார்க்கலியேன்னு..." மூக்கை உறிஞ்சினாள். "அப்புறம் நேத்து இது வந்துச்சு. நிமிந்து போற. நான் எதைம்மா நம்பறது?"

பயிற்சி என்றது பொய். இவளையும் கான்வென்ட்டில் சேர்க்க வேண்டும் என்று அப்போதே சொன்னேன். இவள் அப்பாதான் கேட்கவில்லை.

"ஏறு. ஓட்டிக் காட்டு" என்றாள்.

ரயில் நிலைய வாசலில், ஆட்டோக்காரர்கள் பார்க்க, பெற்ற பெண் முன்னால் பரீட்சை. கேட் வரை நன்றாகவே போனேன். திரும்பும்போது சக்கரம் ஒரு ஆட்டம் ஆடியது. காலை ஊன்றினேன். ஒரு ஆட்டோக்காரர் ஓடிவந்து பிடித்தார். அவர் பிடிக்காவிட்டாலும் விழுந்திருக்க மாட்டேன். அநேகமாக.

மகள் பக்கத்தில் வந்து என் கையைப் பிடித்துக்கொண்டாள். கை சில்லென்று இருந்தது. அவளுடையது.

"முதுகு நேராத்தாம்மா இருக்கு. சைக்கிள்தான் நேரா இல்ல."

மார்ச் 29, ஞாயிறு

நாள் முழுக்கச் சண்டை. கடைசியில் அவள் தீர்ப்பு: மூன்று சக்கர சைக்கிள், இல்லாவிட்டால் பதினோராவது மாடி.

"அது குழந்தைங்க ஓட்டறது" என்றேன்.

"அப்போ கீழ விழாத குழந்தையா இரு."

சாப்பிடாமல் உட்கார்ந்தேன். எதிரில் அவளும் சாப்பிடாமல் உட்கார்ந்தாள். முதுகு நிமிர்ந்து. இது எங்கிருந்து வந்தது என்று கேட்கவா வேண்டும்? பசி தாங்காமல் நான்தான் முதலில் தட்டை எடுத்தேன்.

ஏப்ரல் 9, வியாழன்

வந்துவிட்டது. பின்னால் இரண்டு சக்கரம், நடுவில் ஒரு கூடை. கூடை என்றா சொன்னேன்? அதில் ஒரு குடும்பம் குடியிருக்கலாம். சைக்கிள் கடைக்காரர் காற்றடித்தபடியே சொன்னார்: "இது ஆடாது, சாயாதும்மா. இனிமே நீங்க காலை ஊனாமலேயே நின்னு சண்டை போடலாம்."

பல் டாக்டர் கைதட்டினார். அவர் பக்கம் நான் திரும்பவில்லை. மில் தெருவுக்குப் பின்வழியாகப் போனேன். தூங்கும் ஆளைத் தவிர எல்லோரும் பார்த்தார்கள்.

ஏப்ரல் 18, சனி

ஆற்றுக்கு அந்தப் பக்கம் ஓவியக்காரிக்குப் புதுச் சுவர் கிடைத்திருக்கிறது. அவளுடைய பெயின்ட் டப்பாக்களை என் கூடையில் ஏற்றிக்கொண்டு போனோம். அவள் நடந்து வந்தாள். அவளுக்காக மெதுவாக ஓட்ட வேண்டியிருந்தது.

பாலத்தில் நின்று இரண்டு பேரும் பழைய சுவரைப் பார்த்தோம். மேலே நான் போய்க்கொண்டிருந்தேன், நிமிர்ந்து, இரண்டு சக்கரத்தில். அவள் என் வண்டியைப் பார்த்தாள். சுவரைப் பார்த்தாள். மறுபடி வண்டியைப் பார்த்தாள்.

"மேடம், தப்புன்னா உங்களுக்குத் தூக்கம் வராதே. சாரம் இன்னும் பிரிக்கலை. மூணாவது சக்கரத்தையும் போட்டுடவா?"

யோசித்தேன்.

பக்கவாட்டில் பார்த்தால் பின்சக்கரம் இரண்டும் ஒன்றாகத்தான் தெரியும் என்றேன்.