கதவில் தொங்கிய சட்டை

அன்புள்ள குட்டிம்மாவுக்கு,

உன் அம்மா எழுதுவது. நான் இங்கே சுகம். முழங்கால் மட்டும் சுகமில்லை, அதைப் பற்றி நீ விசாரிக்கவும் இல்லை. போனில் பிடித்தால் "அம்மா, அப்புறம் கூப்பிடறேன்" என்று வைத்துவிடுகிறாய். கடிதத்தை அப்படிப் பாதியில் வைக்க முடியாது. அதனால்தான் உட்கார்ந்து எழுதுகிறேன்.

முதலில் விஷயத்தைச் சொல்லிவிடுகிறேன். அப்பாவின் வெளிர்நீலச் சட்டை எனக்குத் திரும்ப வேண்டும். படத்துக்கு வேண்டும் என்று கேட்டாய். கதவுக் கொக்கியிலிருந்து எடுத்து, காகிதத்தில் சுற்றி, பத்திரம் என்று சொல்லித்தான் கொடுத்தேன். படம் முடிந்து, தேசம் தேசமாகச் சுற்றி, பரிசும் வாங்கியாயிற்று. சட்டை மட்டும் வந்து சேரவில்லை. கேட்டால் "ஆமாமா, இருக்கு" என்று சொல்லிவிட்டு வானிலை பேசுகிறாய். உன் ஊர் மழையைப் பற்றி எனக்கு என்ன கவலை?

போன மாதம் இங்கே நூலகத்து மாடியில் உன் படத்தைப் போட்டார்கள். ஹோட்டல் லாண்டரியிலிருந்து எங்கள் ஷிப்ட் முழுக்க வந்திருந்தது. சூப்பர்வைசர்கூட வாசனைத் திரவியம் பூசிக்கொண்டு வந்தார். என்னை முன் வரிசையில் உட்கார வைத்தார்கள். நூலகர் மேடையில் ஏறி, இது கவிதை மாதிரியான கற்பனைப் படம், கதையைத் தேடாமல் உணர்ந்து பாருங்கள் என்றார். இது நமக்குச் சரிப்படாது என்று எனக்கு அப்போதே தெரிந்துவிட்டது.

நீ எடுத்த படத்தை உனக்கே சொல்கிறேன், கேள். ஒருத்தி லாண்டரியில் துணி தேய்க்கிறாள். புருஷன் போய்விட்டான். அவன் சட்டையைத் தேய்க்கும்போது எழும்பும் நீராவி மெல்லத் தோளாகி, கழுத்தாகி, அவனாகவே ஆகிவிடுகிறது. இரண்டு பேரும் மேஜையில் உட்கார்ந்து சாப்பிடுகிறார்கள். சட்டை ஆறியதும் அவன் கலைந்துபோகிறான். மறுநாள் மறுபடியும் தேய்க்கிறாள். இதைச் சொல்ல இரண்டு மணி நேரமா? நடுவில் திரைச்சீலை ஆடுகிறது, ஆடுகிறது, ஆடிக்கொண்டே இருக்கிறது. வாஷிங் மிஷினுக்குள் நிலா சுற்றுகிறது. துணி அலசும் தொட்டியில் மீன் நீந்துகிறது. சோப்புத் தண்ணீரில் மீன் பிழைக்குமா? நான் வாயைத் திறப்பதற்குள், துணி மடிக்கும் அக்கா என் தொடையில் தட்டி, "இது உலக சினிமாடி, அப்படித்தான் இருக்கும், பேசாம பாரு" என்றாள்.

மீனைக்கூட விட்டுவிடுகிறேன். அந்த நடிகை இஸ்திரிப் பெட்டியைப் பிடித்த லட்சணம் என்ன? பூனைக்குட்டியைத் தடவுகிற மாதிரி தடவுகிறாள். அதுவும் முதுகிலிருந்து தொடங்குகிறாள். காலரை விட்டுவிட்டு முதுகில் தொடங்குகிறவளை எங்கள் லாண்டரியில் அன்றைக்கே வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள். நீ யார் வயிற்றில் பிறந்தாய்?

தப்பு எங்கள் மேலும்தான். சின்ன வயதில் நீ அடம்பிடித்தாய் என்று திரைப்படக் கழகத்துக்கு ஞாயிற்றுக்கிழமை ஞாயிற்றுக்கிழமை உன்னைக் கூட்டிக்கொண்டு போனோம். புரியாத பாஷை, திரைக்கு அடியில் ஓடி மறையும் எழுத்து, முதுகை உடைக்கிற நாற்காலி. வாரம் முழுக்கப் பஸ் ஓட்டிய அப்பா விளக்கை அணைத்ததுமே குறட்டை விடுவார். ஒரே ஒரு படத்துக்கு மட்டும் அவர் தூங்கவில்லை. ஒருவன் நிலாவைக் கயிறு கட்டி மலைமேல் இழுத்துக்கொண்டு போவானே, ஞாபகம் இருக்கிறதா? கயிறு அறுந்துவிடுமோ என்று உன் அப்பா என் கையை நசுக்கிவிட்டார். வெளியே வந்ததும், "அவன் அதை எங்கதான் கொண்டு போறான்?" என்று என்னைக் கேட்டார். எனக்கென்ன தெரியும்? வீடு வருகிற வரைக்கும் கேட்டுக்கொண்டே வந்தார்.

இப்போது படத்தால் வந்த வினையைக் கேள். படம் போட்ட வாரமே, ஹோட்டல் பின்வாசலில் ஒருவர் பையோடு நின்றார். கடைவீதியில் மூக்குக்கண்ணாடிக் கடை வைத்திருப்பவர். பைக்குள் அவர் சம்சாரத்தின் ஸ்வெட்டர். போன குளிர்காலத்தில் தவறிவிட்டாராம். "உங்க மகள் படத்தைப் பார்த்தேன், இதைக் கொஞ்சம் தேய்ச்சுக் கொடுக்க முடியுமா?" என்றார். ஐயா, அது கற்பனை, என் மகளுக்கு வேறு வேலை இல்லை என்றேன். தெரியும் என்றார். தெரிந்தும் நிற்கிறார்! கம்பளியை இஸ்திரி பிரஸ்ஸில் வைத்தால் அட்டை மாதிரி விறைத்துவிடும் என்றும் சொல்லிப் பார்த்தேன். மனுஷர் நகரவில்லை.

வேறு வழியில்லாமல் உள்ளே கூட்டிக்கொண்டு போய், ஹேங்கரில் மாட்டி, கை ஸ்டீமரால் தூரத்திலிருந்து நீராவி காட்டினேன். காலர், தோள், முதுகு. பக்கவாட்டுப் பாக்கெட்டுக்கு வந்தபோது அவசரமாகக் கையை நீட்டித் தடுத்தார். "அதை மட்டும் விட்டுடுங்கம்மா. அவ எப்பவும் கையை உள்ளே விட்டுக்கிட்டே நடப்பா. அந்த உப்பல் அப்படியே இருக்கட்டும்" என்றார். பார்த்தேன். பாக்கெட் ஒரு கை உள்ளே இருக்கிற மாதிரியே தொங்கிக்கொண்டிருந்தது. நீராவி எழும்பியது, கூரைக்குப் போனது, போய்விட்டது. யாரும் வரவில்லை. ஆனால் அவர் மேலே பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு தேங்க்ஸ் சொல்லி, ஸ்வெட்டரைக் குழந்தையை வாங்குகிற மாதிரி வாங்கிக்கொண்டு போனார்.

அத்தோடு முடிந்ததா? அவர் போய் யாரிடம் சொன்னாரோ, அடுத்து ஒரு டீச்சர் அவள் அண்ணனின் கோட்டோடு வந்தாள். ஒரு டாக்ஸிக்காரர் அவருடைய அம்மாவின் தலைத்துணியோடு வந்தார். சூப்பர்வைசர் பார்த்துவிட்டு, "இது லாண்டரியா, ஆறுதல் சொல்ற இடமா?" என்று கத்தினார். இன்னொரு தடவை வெளித்துணி உள்ளே வந்தால் என்னைப் பிரஸ்ஸிலிருந்து தூக்கிப் போர்வை உதறுகிற பக்கம் போட்டுவிடுவாராம். என் முழங்காலோடு அங்கே ஒரு வாரம் தாங்கமாட்டேன். இவ்வளவு நாள் வேலை பார்த்த இடத்தில் உன் படத்தால் திட்டு வாங்கிக்கொண்டு நிற்கிறேன். நீ அங்கே சிவப்புக் கம்பளத்தில் நிற்கிறாய்.

அது இருக்கட்டும். நீ அப்படி நிற்கிற போட்டோவை நூலகர் கொடுத்தார். உன் பேட்டி வந்த பத்திரிகையில் இருந்தது. எல்லாரும் கோட்டும் சூட்டுமாக நிற்க, நீ மட்டும் சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டு நிற்கிறாய். அதிலும் ஒழுங்கு இல்லை. வலது கை ஒரே மடிப்பு, இடது கை முழங்கைக்கு மேலே. பார்த்ததும் எரிச்சலாக வந்தது. பிறகு பத்திரிகையை எடுத்து வைத்துக்கொண்டேன்.

அந்தப் பேட்டியில் நீ சொல்லியிருக்கிறாய்: படத்தில் வருவது அப்பாவின் சொந்தச் சட்டை, என் அம்மாவுக்குக் கசங்கிய துணியைக் கண்டால் ஆகாது, அதனால் அதை நானே கழுவி, நானே தேய்த்தேன், அம்மா சொல்லிக்கொடுத்த மாதிரி காலரிலிருந்து தொடங்கினேன் என்று. நூலகர் அதை எனக்கு வாசித்துக்காட்டி, எவ்வளவு பாசம் பாருங்கள் என்றார்.

எனக்கு அதற்கு முன்பே தெரியும், குட்டிம்மா. படத்தின் முதல் காட்சியிலேயே பார்த்துவிட்டேன். அவ்வளவு பெரிய திரையில் சட்டை தொங்குகிறது. இரண்டு கையும் மணிக்கட்டு வரைக்கும் நீளமாக, ஒரு சுருக்கம் இல்லாமல், சுத்தமாக. நான் அழுதேன். படம் அவ்வளவு உருக்கமா என்று அக்கா கைக்குட்டை கொடுத்தாள்.

பஸ் ஓட்டும்போது உன் அப்பா ஜன்னல் பக்கத்து வலது கைக்கு ஒரே மடிப்புதான் மடிப்பார், வெயில் சுடும் என்று. கியர் போடுகிற இடது கையை முழங்கைக்கு மேலே ஏற்றிவிடுவார். வீட்டுக்கு வந்தால் அப்படியே கழற்றிக் கதவில் மாட்டுவார். மடித்த கையோடு துவைத்தால் உள்ளே அழுக்குப் போகாது, கையைப் பிரித்துப் போடுங்க என்று கல்யாணமான நாளிலிருந்து கத்தினேன். ஒரு நாள் கேட்டாரா? கடைசி நாளும் அப்படித்தான் மாட்டினார். கொஞ்சம் படுக்கிறேன் என்றார். எழுந்திருக்கவில்லை. அந்த மடிப்பு அவர் கையால் போட்டது. ஊரில் உள்ள சுருக்கத்தையெல்லாம் எடுக்கிறவள், அந்த ஒன்றை மட்டும் தொடாமல் வைத்திருந்தேன். தினம் கதவைத் திறக்கும்போது முழங்கை இருக்கிற இடத்தில் மெல்லத் தொடுவேன், அவ்வளவுதான்.

உன்னிடம் சொல்லவில்லைதான். சொல்ல வேண்டும் என்று தோன்றவில்லை. நீ பார்த்தே வளர்ந்த சட்டை. முன்பின் தெரியாத கண்ணாடிக் கடைக்காரருக்கு ஒரு பாக்கெட்டின் அருமை தெரிகிறது. நிலாவையும் மீனையும் யோசிக்கிற உனக்கு ஒரு மடிப்பு கண்ணில் படவில்லையா? கெட்ட எண்ணத்தில் செய்திருந்தால் நாலு வார்த்தை திட்டித் தீர்த்துக்கொள்வேன். என் நினைப்பில், எனக்குப் பிடிக்கும் என்று, நான் கற்றுக்கொடுத்த மாதிரியே தேய்த்திருக்கிறாய். இதற்கு உன்னை எப்படித் திட்டுவது? அதுதான் தாங்க முடியவில்லை.

நீயும் அதைப் பிறகு கண்டுபிடித்திருப்பாய் என்று நினைக்கிறேன். இல்லையென்றால் சட்டை என்றதும் எதற்கு மழையைப் பற்றிப் பேசுகிறாய்? எப்போது உறைத்தது என்று நான் கேட்கமாட்டேன். அதை மனதில் போட்டுக்கொண்டு ஊருக்கு வராமல் இருக்காதே.

சட்டையைப் பார்சலில் அனுப்பாதே. தேய்த்த சட்டை எனக்கு எதற்கு? நாள் முழுக்க அதைத்தான் பார்க்கிறேன். நீ அதைப் போட்டுக்கொண்டு வா. தொளதொளவென்று இருக்கும், இருக்கட்டும். வழியில் புழுக்கமாக இருந்தால் கையை மடித்துவிட்டுக்கொள்வாய். நீ எப்படி மடிப்பாய் என்று போட்டோவில் பார்த்துவிட்டேன். பஸ் ஓட்டத் தெரியாத உனக்கு அந்த மடிப்பு எங்கிருந்து வந்தது என்று யாரும் சொல்லித்தர வேண்டாம். வீட்டுக்குள் வந்ததும் அப்படியே கழற்றிக் கதவில் மாட்டு. கையைப் பிரிக்காதே. நான் ஒன்றும் சொல்லமாட்டேன்.

நேரத்துக்குச் சாப்பிடு. நல்லபடியாக இரு, சீக்கிரம் வந்து சேர்.

உன் வரவை எதிர்பார்த்து,
அம்மா