சனிக்கிழமை டீமும் ஞாயிற்றுக்கிழமை டீமும்

புரூக்ளின், 1912

என் வீட்டுக்காரருக்கு,

நீங்கள் முதலில் மாட்டும் இடது பூட்ஸுக்குள்ளேயே இதை வைக்கிறேன். நேரில் எதைக் கேட்பது என்று எனக்கே தெரியவில்லை.

நேற்று ஞாயிறு ஓவர்டைம் என்றீர்களே, மறந்துபோன சாப்பாட்டைக் கப்பல் பட்டறைக்கு எடுத்துப்போனேன். வாசல்காரர் சிரித்தார். "இன்னைக்கு ஏதும்மா வேலை? ஜெர்மன்காரங்க டீமுக்குக் கால்பந்து ஆடுறாரு, ஹெல்விக்னு பேரை மாத்திக்கிட்டு. உங்க ஸ்காட்லாந்து ஆளுங்க பாதிப்பேர் அப்படித்தான்."

அதில் எனக்குக் கோபமில்லை. ஞாயிறு கர்த்தரின் ஓய்வுநாள்; அன்று பந்தைத் தொட்டால் நம் திருச்சபையில் சும்மா விடுவார்களா? அதற்குத்தான் வேறு பெயர் என்று நினைத்தேன். நேரே மைதானத்துக்கு வந்தேன். நீங்கள் கோல் போட்டதும் "ஹெல்விக்!" என்று நானும் கத்திவிட்டேன்.

பக்கத்தில் கைக்குழந்தையோடு இருந்தவள் தன் சாசேஜில் பாதியைப் பிய்த்து என்னிடம் நீட்டினாள். "ஹெல்விக்கா? அவரு எங்க வீட்டுக்காரர்தாங்க. வாரமெல்லாம் வெளியூர்ல வேலை, ஞாயித்துக்கிழமைதான் வருவாரு. உங்க வீட்டுக்காரரும் ஆடுவாரா?"

"சனிக்கிழமை. ஸ்காட்லாந்துக்காரங்க டீம்ல."

"அப்ப ஒருநாள் ரெண்டு பேரையும் மோத விட்டுப் பாத்துருவோம்!" என்று சிரித்தாள். நானும் சிரித்தேன். ஏன் சிரித்தேன்? சாசேஜையும் மிச்சமில்லாமல் சாப்பிட்டேன். குழந்தை என் விரலைப் பிடித்துக்கொண்டு விடவே இல்லை.

அப்படி மோதினால் நீங்கள் எந்தப் பக்கம் ஆடுவீர்கள்?

இப்படிக்கு,
சனிக்கிழமைக்காரி